‘கிழவர்’ வாழ்ந்த ஆற்றங்கரை: ரைன் பயணக் குறிப்புகள்

நாள் 1: கொலோன்

மகள் வீட்டுக்கு வந்து மூன்று வாரம் ஆகிறது. பேரனுக்குப் பள்ளி திறந்துவிட்டது. மகளும் மாப்பிள்ளையும் காலை எட்டு மணிக்கே கிளம்பிவிடுகிறார்கள். “சும்மா வீட்டுக்குள்ளயே உட்கார்ந்திருக்காதீங்க மாமா, எங்கேயாவது போய்ட்டு வாங்க” என்று மாப்பிள்ளை ஒரு மாதப் பாஸை வாங்கிக் கொடுத்துவிட்டார். உள்ளூர் ரயில், டிராம், பஸ் எல்லாவற்றிலும் அது செல்லும். பேராலயம் பார்த்தாயிற்று. சாக்லேட் மியூசியமும் ஆயிற்று. இனி இடங்களைத் தேடிப் போகாமல் ஓர் ஆளைப் பின்தொடர்ந்து போகலாம் என்று தோன்றியது.

அந்த ஆள் கொன்ராட் அடனாவர். போருக்குப் பிந்தைய மேற்கு ஜெர்மனியின் முதல் சான்சலர், நம் பிரதமர் மாதிரி. பழமைவாதி, கத்தோலிக்கர், கம்யூனிசம் என்றாலே ஆகாதவர்.

ஏன் இவர்? நான் முப்பத்து நான்கு வருடம் அரசு அலுவலகத்தில் கோப்பு தள்ளியவன். ஓய்வுபெற்ற அன்று மாலை, போட்ட மாலையோடு வீட்டுக்கு வந்து, இனி நம் கதை அவ்வளவுதான் என்று நாற்காலியில் சாய்ந்தவன். இந்த மனிதர் சான்சலர் நாற்காலியில் உட்கார்ந்தபோது வயது 73, எழுந்தபோது 87. ஜெர்மானியர்கள் பாசமாகவும் எரிச்சலாகவும் வைத்த பட்டப்பெயரே ‘கிழவர்’தான். அதற்கு முன்னால் ஒரே பதவியிலிருந்து இரண்டு முறை துரத்தப்பட்டவர். எனக்கு இதைவிட ருசியான பணிப்பதிவேடு கிடைக்காது.

பால்டுயின் தெருவில் ஆரம்பித்தேன். 1876 ஜனவரி 5 அன்று அவர் பிறந்தது இந்தத் தெருவில்தான். அப்பா நீதிமன்ற எழுத்தர். (நம்ம ஜாதி என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.) இப்போது கடைகளும் சைக்கிள்களுமாக ஒரு சாதாரணத் தெரு. பக்கத்திலேயே புனித அப்போஸ்தலர் தேவாலயம், அதை ஒட்டி அவருடைய சிலை. சிலையின் முகத்தை நன்றாகப் பார்த்தேன். கன்ன எலும்பு தூக்கி, கண் இடுங்கி, கல்லில் செதுக்காமலே கல்லாக இருக்கும் முகம். அது பிறவி முகம் இல்லை. 1917இல் டிரைவர் தூங்கிவிட, அவர் போன கார் டிராமில் மோதி முகம் நொறுங்கியது. ஒட்டவைத்தபோது வந்த முகம்தான் பின்னாளில் உலகம் பார்த்தது.

அதே 1917இல்தான் கொலோன் மேயரானார். முதல் உலகப் போரின் பஞ்சகாலம். சோளமாவு கலந்த ரொட்டி, சோயாவில் செய்த சாசேஜ் என்று ஏதேதோ கண்டுபிடித்து, சாசேஜுக்குப் பிரிட்டனில் காப்புரிமையும் வாங்கினார். போர் முடிந்ததும் நகரின் பழைய கோட்டை வளையத்தை இடிக்க வேண்டிய கட்டாயம் வந்தது. இடித்த இடத்தை மனைக்கட்டாக விற்றிருந்தால் பணம் கொட்டியிருக்கும். அவர் அதைப் பூங்காவாக்கினார். மரங்கள் நகரைச் சுற்றி அரைவட்டமாகப் போகின்றன. மதியம் முழுக்க அங்கேதான் நடந்தேன். இந்த மரங்கள் கதையில் மறுபடி வரும்.

1933 பிப்ரவரியில் தேர்தல் பிரசாரத்துக்கு ஹிட்லர் கொலோன் வந்தார். வரவேற்க மேயர் விமான நிலையம் போகவில்லை. ரைன் பாலத்தில் கட்டியிருந்த ஸ்வஸ்திகா கொடிகளையும் இறக்கச் சொன்னார். அடுத்த மாதமே பதவி போயிற்று. பதினாறு வருட மேயர், ஒரே வாரத்தில் யாரும் பேசப் பயப்படும் ஆளானார்.

பன்னிரண்டு வருடம் கழித்து, 1945இல், அமெரிக்கப் படை கொலோனைப் பிடித்தது. நகரின் மையத்தில் 90 சதவீதத்துக்கு மேல் தரைமட்டம். அமெரிக்கர்கள் அவரைத் தேடிப்பிடித்து அதே நாற்காலியில் உட்காரவைத்தார்கள். பிறகு அந்தப் பகுதி ஆங்கிலேயர் கைக்கு மாறியது. குளிர்காலம் வருகிறது, விறகுக்குப் பூங்கா மரங்களை வெட்டுங்கள் என்றார்கள். ஒரு குளிர்காலத்துக்காக இருபது வருட மரங்களை வெட்ட அவருக்கு மனம் வரவில்லை. அக்டோபர் 6 அன்று பிரிகேடியர் பாரக்ளோ அவரைக் கூப்பிட்டு, உட்காரக்கூடச் சொல்லாமல், பணிநீக்கக் கடிதத்தை வாசித்துக் காட்டினார். இடிபாடுகளை அகற்றுவதில் சுறுசுறுப்பு போதவில்லை, அரசியலில் ஈடுபடவும் கூடாது. வயது 69. பணிநீக்க ஆணைகளைத் தட்டச்சு செய்தவன் என்ற முறையில் சொல்கிறேன், ‘சுறுசுறுப்பு போதவில்லை’ என்பது வேறு காரணம் எழுத முடியாதபோது எழுதும் வரி.

பிரிட்டிஷ்காரர்கள் அவருக்குச் செய்த பெரிய உபகாரம் அதுதான். மேயராகவே விட்டிருந்தால் குழாயும் சாக்கடையும் பார்த்துக்கொண்டு ஓய்ந்திருப்பார். அரசியல் தடை சீக்கிரமே நீங்கியது. 1946 ஜனவரியில் ஹெர்ஃபோர்ட் நகரில் புதிதாக முளைத்த கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சியின் கூட்டம். யார் தலைமை வகிப்பது என்று முடிவாகவில்லை. இவர் நேராகப் போய்த் தலைவர் நாற்காலியில் உட்கார்ந்து, இங்கே வயதில் மூத்தவன் நானாகத்தான் இருக்கும், ஆட்சேபம் இல்லையென்றால் நானே நடத்துகிறேன் என்றாராம். ஆட்சேபம் இல்லை. முதுமையை இப்படி அடையாள அட்டையாகக் காட்டி உள்ளே நுழைந்த ஆளை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

நாள் 2: மரியா லாக்

இன்று என் தவறால் இரண்டு மணிநேரம் வீண். ஆண்டர்னாக் வரை ரயில், அங்கிருந்து பஸ். கால அட்டவணையில் பஸ் நேரத்துக்குப் பக்கத்தில் இருந்த சின்ன எழுத்தைக் கவனிக்கவில்லை. பள்ளி நாட்களில் மட்டும் ஓடும் பஸ் அது. இன்று சனிக்கிழமை. நிறுத்தத்தில் உட்கார்ந்து மகள் கட்டிக்கொடுத்த எலுமிச்சை சாதத்தைப் பத்தரை மணிக்கே முடித்தேன்.

மரியா லாக் இருப்பது ஓர் எரிமலைப் பள்ளத்தில் தேங்கிய ஏரியின் ஓரம். கரையில் ஆறு கோபுரங்களுடன் பெனடிக்டைன் மடம், 1093இல் தொடங்கப்பட்டது. பதவி பறிபோன அடனாவர் ஒளிந்துகொள்ள வந்த இடம் இது. மடாதிபதி இல்டிஃபோன்ஸ் ஹெர்வேகன் அவரோடு பள்ளியில் படித்தவர். 1933 ஏப்ரல் கடைசியிலிருந்து ஏறக்குறைய ஒரு வருடம் இங்கே இருந்தார். மனைவியும் பிள்ளைகளும் வேறிடத்தில்.

வங்கிக்கணக்கு முடங்கி, கையில் காசில்லாத நேரம். கூட இருந்தவர்கள் எல்லாம் தெருவில் பார்த்தால் எதிர்ப்பக்கம் போனார்கள். பிரஸ்ஸல்ஸிலிருந்து டேனி ஹைனமன் என்ற யூதத் தொழிலதிபர் 10,000 மார்க் கொடுத்தார், கேட்காமலே. இதை அடனாவர் கடைசிவரை மறக்கவில்லை.

மடத்தில் என்ன செய்தார்? நடந்தார், வழிபாட்டில் உட்கார்ந்தார், நூலகத்தில் படித்தார். தொழிலாளர் நிலை, சொத்துரிமை, அரசின் எல்லை பற்றிப் போப்பாண்டவர்கள் எழுதிய சுற்றுமடல்களைக் கருத்தாகப் படித்தார். தனிச்சொத்து இருக்கட்டும், ஆனால் அது பொறுப்போடு இருக்கட்டும் என்ற அந்த வாதம் பின்னாளில் அவருடைய கட்சியின் அடிமனையாயிற்று. பழமைவாதி என்றால் பணக்காரர் பக்கம் மட்டும் நிற்பவர் என்ற என் பழைய கணக்கு இங்கே கொஞ்சம் ஆட்டம் கண்டது.

ஏரியைச் சுற்றி நடக்க இரண்டு மணிநேரத்துக்கு மேல் ஆகும். பாதியில் திரும்பிவிட்டேன், முழங்கால்.

நாள் 3: பான்

கொலோனிலிருந்து பான் 30 கிலோமீட்டர்கூட இல்லை. ரயிலில் போனேன், ஆனால் மாப்பிள்ளை காரில் போகும் நெடுஞ்சாலைக்கு ஒரு கதை உண்டு. ஆட்டோபான் என்றால் ஹிட்லர் போட்டது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். கொலோன்–பான் சாலையை மேயர் அடனாவர் திறந்துவைத்தது 1932 ஆகஸ்ட் 6. ஹிட்லர் பதவிக்கு வருவதற்கு ஏறக்குறைய ஆறு மாதம் முன்பு.

முதலில் கோனிக் மியூசியம். விலங்கியல் அருங்காட்சியகம் அது. உள்ளே நுழைந்ததும் யானை, ஒட்டகச்சிவிங்கி எல்லாம் பஞ்சடைத்து நிற்கின்றன. 1948 செப்டம்பர் 1 அன்று புதிய அரசியல் சாசனத்தை எழுதக் கூடிய மன்றத்தின் தொடக்கவிழா இந்தக் கூடத்தில்தான் நடந்தது. குண்டு படாமல் தப்பிய பெரிய கூடம் வேறு இல்லை. மன்றத்தின் தலைவர் அடனாவர். மற்றவர்கள் தலைவர் பதவியை ஒரு மரியாதைப் பதவி என்று நினைத்து, கிழவருக்குக் கொடுத்துவிட்டு, உண்மையான வேலை குழுக்களில் நடக்கிறது என்று அங்கே போனார்கள். ஆனால் வெற்றியாளர்களான மூன்று நாட்டு அதிகாரிகளோடும் பேசும் ஆள் தலைவர்தானே? ஒன்பது மாதத்தில் மேற்கு ஜெர்மனி என்றால் இந்த முகம்தான் என்று ஆகிவிட்டது. சான்சலரான பிறகு முதல் சில வாரங்கள் அவருடைய அலுவலகமும் இதே கட்டடம்தான்.

தலைநகராகப் பிராங்பர்ட்டா பானா என்று வாக்கெடுத்ததில் 33க்கு 29 என்று பான் ஜெயித்தது. பானுக்கு எதிர்க்கரையில் கொஞ்சம் தெற்கே அடனாவரின் வீடு. தற்செயல் என்று சொல்பவர்களும் உண்டு.

1949 செப்டம்பர் 15. சான்சலர் தேர்வு. உறுப்பினர்கள் 402 பேர், வேண்டிய வாக்கு 202, கிடைத்தது சரியாக 202. உங்களுக்கு நீங்களே போட்டுக்கொண்டீர்களா என்று பிறகு கேட்டார்கள். ஆமாம், போடாமல் இருந்தால் அது பாசாங்கு ஆகியிருக்கும் என்பது பதில். அந்த ஒரு வாக்கில் பதினான்கு வருடம்.

பழைய சான்சலர் அலுவலகத்துக்கு வெளியே அவருடைய தலை மட்டும் ஒரு பிரம்மாண்ட வெண்கலச் சிலையாக நிற்கிறது. உடம்பில்லாமல் தரையிலிருந்து எழும்பும் தலை. பின்பக்கம் போய்ப் பார்த்தால் அவர் காலத்துச் சின்னச் சின்ன உருவங்களைப் பொறித்திருக்கிறார்கள். அந்தத் தலைக்கு எதிரே பெஞ்சில் உட்கார்ந்து நீண்டநேரம் கணக்குப் பார்த்தேன்.

வரவுப் பக்கம் கனமானது. பிரான்ஸோடு பகை தீர்ந்தது. 1951இல் நிலக்கரி–எஃகுக் கூட்டமைப்பு, 1963இல் எலிசே ஒப்பந்தம். 1952 செப்டம்பரில் இஸ்ரேலுக்கு 300 கோடி மார்க் இழப்பீடு தர லக்ஸம்பர்க்கில் கையெழுத்து. இதில் அவர் சொந்தக் கூட்டணியே முகம் சுளித்தது. நாடாளுமன்றத்தில் ஆதரவு 239, எதிர்ப்பு 35, நடுநிலை 86. எதிர்க்கட்சியான சமூக ஜனநாயகக் கட்சி மொத்தமாகக் கை தூக்கியதால்தான் நிறைவேறியது. 1955இல் மாஸ்கோ போய், பத்து வருடமாக முகாம்களில் கிடந்த கைதிகளில் சுமார் 10,000 பேரை மீட்டுவந்தார். திரும்பி வந்து விமான நிலையத்தில் நின்றபோது ஒரு கைதியின் தாய் அவர் கையைப் பிடித்து முத்தமிட்ட படம் பிரபலம்.

1957 ஓய்வூதியச் சீர்திருத்தம் வேறு. அதுவரை ஓய்வூதியம் நின்ற இடத்தில் நிற்கும், விலை ஏறும். அதைக் கூலி ஏற ஏற ஏறும்படி கட்டிவிட்டார். ஒரே அடியில் 60 சதவீதத்துக்கு மேல் உயர்வு. நிதியமைச்சர் முனகினார். அந்த வருடத் தேர்தலில் ‘பரிசோதனைகள் வேண்டாம்’ என்ற சுவரொட்டியோடு நின்று 50.2 சதவீதம் வாங்கினார். ஓய்வூதியத்தில் அப்படி ஒரு பரிசோதனை செய்துவிட்டுப் பரிசோதனை வேண்டாம் என்று சுவரொட்டி ஒட்டிய சாமர்த்தியத்தை நினைத்துத் தனியாகச் சிரித்தேன். பக்கத்து பெஞ்சு அம்மாள் எழுந்து போய்விட்டார்.

செலவுப் பக்கமும் லேசில்லை. அவருடைய அலுவலகத்தின் தலைமை அதிகாரி ஹான்ஸ் குளோப்கே. யூதர்களின் குடியுரிமையைப் பறித்த நியூரம்பர்க் சட்டங்களுக்கு 1936இல் விளக்கவுரை எழுதிய அதே குளோப்கே. நாஜிகள் துரத்திய மனிதர், அவர்களின் சட்டத்துக்கு உரை எழுதியவரை 1963இல் தான் போகும்வரை பக்கத்திலேயே வைத்திருந்தார். நல்ல தண்ணீர் கிடைக்கும்வரை அழுக்குத் தண்ணீரைக் கொட்டக்கூடாது என்று அவர் சொன்னதாக ஒரு பேச்சு உலவுகிறது. அலுவலகம் நடத்தியவன் எனக்கு அந்த வாதம் புரிகிறது. கோப்பு எங்கே இருக்கிறது என்று தெரிந்தவன் வேண்டும். புரிகிறது என்பதுதான் எனக்குச் சங்கடமாக இருந்தது. பதினான்கு வருடமாகவா நல்ல தண்ணீர் கிடைக்கவில்லை?

நாள் 4: பீட்டர்ஸ்பெர்க்

காலையில் டிராமில் ஆற்றைக் கடந்து கோனிக்ஸ்வின்டர். அங்கிருந்து மலை மேலே நடை. உயரம் 330 மீட்டருக்குச் சற்று மேல்தான், ஆனால் யாத்திரிகர்கள் போட்ட பழைய பாதை என்பதால் செங்குத்து. நான்கு இடத்தில் உட்கார்ந்தேன்.

மேலே ஒரு பெரிய ஹோட்டல். ஒருகாலத்தில் 4711 என்ற வாசனைத் திரவியக்காரக் குடும்பத்துக்குச் சொந்தமாக இருந்தது. போருக்குப் பிறகு அமெரிக்க, பிரிட்டிஷ், பிரெஞ்சு உயர் ஆணையர்கள் மூவரும் இங்கே அமர்ந்து கீழே பானைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெயருக்குத்தான் சான்சலர், கடைசி வார்த்தை மலைமேல்.

1949 செப்டம்பர் 21 அன்று புது சான்சலர் மலையேறி வந்தார். ஆணையர்கள் மூவரும் ஒரு கம்பளத்தின் மேல் நிற்பார்கள், ஜெர்மானியர் கம்பளத்துக்கு வெளியே நிற்க வேண்டும் என்பது ஏற்பாடு. பிரெஞ்சு ஆணையர் பிரான்ஸுவா-போன்சே வரவேற்க ஓரடி முன்னால் வந்தார். அந்த ஓரடி போதும். அடனாவர் எதிர்கொண்டு போவதுபோலப் போய்க் கம்பளத்தின் மேல் நின்றுகொண்டார். யாரும் இறங்கு என்று சொல்லவில்லை.

நம் ஊரில் இப்படி ஒரு காட்சி நடந்திருந்தால் பட்டிமன்றத்தில் ஐம்பது வருடம் ஓட்டியிருப்போம். ஆனால் அன்றைக்கு இதை எல்லோரும் ரசிக்கவில்லை. இரண்டு மாதம் கழித்து இதே மலையில் ஒரு உடன்பாடு கையெழுத்தானது. ஆலைகளைப் பிரித்துக்கொண்டு போவதை ஆணையர்கள் குறைப்பார்கள், பதிலுக்கு ஜெர்மனி, நிலக்கரியும் எஃகும் நிறைந்த ரூர் பகுதியின் சர்வதேசக் கண்காணிப்பில் சேரும். நாடாளுமன்றத்தில் எதிர்க்கட்சித் தலைவர் குர்ட் ஷூமாகர், “நேச நாடுகளின் சான்சலர்!” என்று கத்தினார். அவரை இருபது அமர்வுகளுக்கு நீக்கிவைத்தார்கள். ஷூமாகரைச் சும்மா கத்தியவர் என்று தள்ளிவிட முடியாது. முதல் போரில் ஒரு கை போனவர், ஹிட்லர் ஆட்சியில் சுமார் பத்து வருடம் வதைமுகாம்களில் இருந்தவர், 1948இல் காலும் எடுக்கப்பட்டவர். அவருக்கு முதலில் ஜெர்மனி ஒன்றாக வேண்டும். அடனாவருக்கு முதலில் மேற்கோடு ஒட்டிக்கொள்ள வேண்டும், ஒன்றாவது பிறகு. அந்தப் ‘பிறகு’ வர நாற்பது வருடம் ஆயிற்று. கிழக்கே மாட்டிக்கொண்டவர்களுக்கு அது ஓர் ஆயுள்.

இறங்கும்போது மழை. வேறொன்றும் எழுத இல்லை.

நாள் 5: ரோண்டார்ஃப்

66ஆம் எண் டிராமில் ரோண்டார்ஃப். திராட்சைத் தோட்டச் சரிவில் வீடு. தெருவிலிருந்து வாசலுக்கு ஐம்பதுக்கும் மேற்பட்ட படிகள். 87 வயதிலும் சான்சலர் தினமும் ஏறி இறங்கியிருக்கிறார். வீட்டுக்குள் வழிகாட்டியோடுதான் விடுகிறார்கள். எங்கள் குழுவில் ஏழு பேர், நான் ஒருவன்தான் வெளிநாட்டுக்காரன். வழிகாட்டிப் பெண் எனக்காக ஒவ்வொரு அறையிலும் இரண்டு வரி ஆங்கிலத்தில் சொன்னார்.

1937இல் கட்டிய வீடு. எளிமை என்று சொல்ல முடியாது, ஆடம்பரமும் இல்லை. வரவேற்பறையில் சர்ச்சில் தன் கையால் வரைந்து கொடுத்த ஓவியம். ஒரு பக்கம் அவருடைய கண்டுபிடிப்புகள்: காலுறை தைக்க உள்ளே விளக்கெரியும் முட்டை. பெரும்பாலானவற்றை யாரும் விலைக்கு வாங்கவில்லை.

இந்த அறையில்தான் 1949 ஆகஸ்ட் 21, ஞாயிற்றுக்கிழமை, கட்சிப் பெரியவர்களைக் காபிக்குக் கூப்பிட்டார். நல்ல சாப்பாடு, நல்ல ஒயின். சமூக ஜனநாயகக் கட்சியோடு பெரிய கூட்டணி வேண்டும் என்று பாதிப்பேர் நினைத்துக்கொண்டு வந்தார்கள். சாயங்காலம் திரும்பும்போது, அது வேண்டாம், சான்சலர் அடனாவர்தான் என்று முடிவாகியிருந்தது. டாக்டரைக் கேட்டேன், ஒன்றிரண்டு வருடம் தாங்கும் என்கிறார் என்றாராம். வழிகாட்டி இதைச் சொன்னதும் ஏழு பேரும் சிரித்தோம்.

மேல்மாடிப் படிக்குப் பக்கத்தில் மனைவி குஸ்ஸியின் படம். முதல் மனைவி எம்மா 1916இல் இறந்தபின் மணந்தவர். 1944இல் ஹிட்லரைக் கொல்லும் முயற்சி தோற்ற பிறகு அடனாவரைப் பிடித்துக் கொலோன் முகாமில் போட்டார்கள். மருத்துவமனைக்கு மாற்றியபோது தப்பிவிட்டார். நாஜி ரகசியப் போலீஸான கெஸ்டாபோ குஸ்ஸியைப் பிடித்துப்போய், புருஷன் இருக்கும் இடத்தைச் சொல்லாவிட்டால் பெண்பிள்ளைகளையும் உள்ளே தள்ளுவோம் என்றது. சொன்னார். சொன்ன குற்றவுணர்வில் சிறையிலேயே உயிரை மாய்த்துக்கொள்ளப் பார்த்தார். பிழைத்தாலும் உடம்பு தேறவில்லை, 1948 மார்ச்சில் இறந்தார். சான்சலர் ஆனதை அவர் பார்க்கவில்லை. வழிகாட்டி இதை ஜெர்மனில் மட்டும் சொல்லிவிட்டு, எனக்கு ஆங்கிலத்தில் சொல்லாமல் அடுத்த அறைக்குப் போனார். எனக்கு ஏற்கனவே தெரியும் என்று அவருக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை.

தோட்டம் ரோஜாவுக்குப் பேர்போனது. அவர் பெயரிலேயே ஒரு சிவப்பு ரோஜா உண்டு. சரிவில் போச்சா என்ற பந்து உருட்டும் ஆட்டம் விளையாட நீளமான தளம். அதற்கும் மேலே கண்ணாடி வைத்த ஒரு சின்னக் கூடம். கடைசிக் காலத்தில் நினைவுக் குறிப்புகளை எழுதியது அங்கே.

அந்தக் கடைசிக் காலம் அழகானதல்ல. 1959இல் ஜனாதிபதியாகிறேன் என்றார், தனக்குப் பிறகு பொருளாதார அமைச்சர் எர்ஹார்ட் வந்துவிடுவார் என்று தெரிந்ததும் பின்வாங்கினார். நாட்டின் பொருளாதாரத்தைத் தூக்கி நிறுத்திய சொந்த அமைச்சரைச் சான்சலர் பதவிக்கு லாயக்கில்லை என்று ஊரெல்லாம் சொன்னார். 1961 ஆகஸ்ட் 13 அன்று பெர்லினில் சுவர் எழும்பியபோது தேர்தல் பிரசாரத்தில் இருந்தார். பெர்லினுக்குப் போனது ஒன்பது நாள் கழித்து. 1962இல் ஒரு பத்திரிகை அலுவலகத்தைப் போலீஸ் புகுந்து சோதனையிட்டு ஆசிரியரைக் கைதுசெய்தபோது, தேசத்துரோகத்தின் பாதாளம் என்று நாடாளுமன்றத்தில் முழங்கினார். கூட்டணிக் கட்சி அமைச்சர்கள் ராஜினாமா செய்தார்கள். மறுவருடம் அக்டோபரில் போகிறேன் என்று அவர் ஒப்புக்கொண்ட பிறகே ஆட்சி நிலைத்தது. நாஜிகளும் ஆங்கிலேயரும் தள்ளிய ஆளை மூன்றாவது முறை தள்ளியது அவருடைய சொந்தக் கூட்டணிதான். அப்போதும் கட்சித் தலைவர் நாற்காலியை 90 வயதுவரை விடவில்லை.

1967 ஏப்ரல் 19 அன்று இந்த வீட்டில் இறந்தார். அழுதுகொண்டிருந்த பிள்ளைகளிடம் கொலோன் வட்டார வழக்கில், இதில் அழ ஒன்றுமில்லை என்றாராம். அதை வழிகாட்டி அந்த வழக்கிலேயே சொல்லிக் காட்டினார். குழுவில் இருந்த ஒரு கொலோன்காரர் உச்சரிப்பு சரியில்லை என்று திருத்தினார். இரண்டு பேரும் ஐந்து நிமிடம் வாதாடினார்கள்.

காட்டுக்குள் இருக்கும் கல்லறை வரை நடந்தேன். மேலே யாரோ வைத்த ஒரு ரோஜா, கடையில் வாங்கியது, பிளாஸ்டிக் தாளோடு.

திரும்பும்போது டிராம் வேண்டாம் என்று கோனிக்ஸ்வின்டரில் கப்பல் ஏறினேன். மாதப் பாஸ் செல்லாது, தனி டிக்கெட். ஏப்ரல் 25 அன்று கொலோன் பேராலயத்தில் பூசை முடிந்து, அமெரிக்க ஜனாதிபதி ஜான்சன், பிரெஞ்சு ஜனாதிபதி டி கோல், இஸ்ரேலின் முன்னாள் பிரதமர் பென்-குரியன் எல்லாம் நின்று பார்க்க, அவருடைய பெட்டியைக் கடற்படைப் படகில் ஏற்றி, நீரோட்டத்துக்கு எதிராக இந்த வழியாகத்தான் ரோண்டார்ஃப் கொண்டுபோனார்கள். நான் நீரோட்டத்தோடு கொலோன் போகிறேன். மகள் போன் செய்தாள். “எங்கேப்பா இருக்கீங்க? ராத்திரிக்கு இட்லி ஊத்தட்டுமா?” ஊத்தும்மா, பேராலயக் கோபுரம் தெரிய ஆரம்பித்துவிட்டது என்றேன்.